40 லட்சம் கடனுக்கு 83 லட்சம் கட்டணுமா? வீட்டுக் கடனின் நிஜ விலை என்ன?

#1 புதுவாசல்

குரோம்பேட்டையில் பழைய ஃபிளாட் ஒன்று, 52 லட்சத்துக்குப் பேசி முடித்திருக்கிறோம். கையிருப்பு போக 40 லட்சம் கடன் வேண்டும். ஒரு வீட்டுவசதி நிதி நிறுவனம் 8.5 சதவீதத்தில் 20 வருஷத்துக்குத் தருவதாகச் சொல்கிறது. இ.எம்.ஐ. 34,713. சம்பளம் தாங்கும்.

சும்மா இருக்காமல் 240-ஆல் பெருக்கிப் பார்த்தேன். 83 லட்சத்து 31 ஆயிரம்! வட்டி மட்டும் 43 லட்சத்துக்கு மேல். அப்பாவிடம் சொன்னால், "நூத்துக்கு எழுபது பைசா வட்டிதானேடா, உங்க அக்கா கல்யாணத்துக்கு நான் ரெண்டு வட்டிக்கு வாங்கினேன்" என்கிறார். ஏஜென்ட், "30 வருஷமா போட்டுக்கோங்க சார், மாசம் நாலாயிரம் குறையும்" என்கிறார். கூட வேலை பார்ப்பவன், வாடகையிலேயே இரு என்கிறான்.

இந்த 83 லட்சம்தான் உண்மையான செலவா? நான் பார்க்காமல் விட்டது வேறு ஏதாவது இருக்கிறதா?

#2 வட்டிக்கணக்கு

அப்பா சொன்ன கணக்கு சரி. மாசத்துக்கு நூத்துக்கு எழுபது பைசாதான். ஆனால் அந்த எழுபது பைசா எத்தனை மாசம் ஓடுகிறது என்பதில்தான் விஷயமே இருக்கிறது.

முதல் மாசம் 40 லட்சத்துக்கு வட்டி 28,333. நீங்கள் கட்டுவது 34,713. அசலில் கழிவது 6,380 ரூபாய். முதல் வருஷம் முழுக்க 4 லட்சத்து 16 ஆயிரம் கட்டியிருப்பீர்கள், அசல் 80 ஆயிரம்கூட முழுசாகக் குறைந்திருக்காது. அஞ்சு வருஷம் கழித்துப் பாக்கி எவ்வளவு என்று கேட்டால் 35 லட்சத்து 25 ஆயிரம் என்பார்கள். அசலில் பாதி, அதாவது 20 லட்சம், அடைபடுவதற்கே 13 வருஷம் 10 மாசம் ஆகும்.

ஏஜென்ட் சொன்ன 30 வருஷக் கணக்கு: இ.எம்.ஐ. 30,757. மொத்தம் கட்டுவது 1 கோடியே 10 லட்சத்து 72 ஆயிரம். மாசம் 3,956 ரூபாய் மிச்சம் பிடிக்க 27 லட்சம் கூடுதல் வட்டி. அதையே 15 வருஷமாகப் போட்டால் இ.எம்.ஐ. 39,390, மொத்தம் சுமார் 71 லட்சம். கமிஷன் கடன் தொகையின் மேல் என்பதால் ஏஜென்டுக்கு நீங்கள் எத்தனை வருஷம் கட்டினாலும் ஒன்றுதான்.

#3 மேலமாசி வீதி

பேங்க்காரன் முதல்ல வட்டியை எடுத்துட்டு அப்புறம்தான் அசலைத் தொடுவான். அதனால முதல் அஞ்சு வருஷத்துக்குள்ள அடைச்சாத்தான் லாபம், அதுக்கப்புறம் அடைக்கிறது தண்டம். எங்க ஆபீஸ்ல எல்லாரும் இதைத்தான் சொல்றாங்க.

#4 வட்டிக்கணக்கு

@மேலமாசி வீதி, ஆபீஸில் எல்லோரும் சொல்வது பாதிதான் சரி அண்ணே. யாரும் வட்டியை "முதலில்" எடுப்பதில்லை. அந்த மாசம் பாக்கி எவ்வளவோ அதற்கு வட்டி, மிச்சம் அசலுக்கு. ஆரம்பத்தில் பாக்கி பெரிசு, அதனால் வட்டியும் பெரிசு. அவ்வளவுதான்.

எப்போது ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினாலும் அந்த ஒரு லட்சத்துக்கு அதே 8.5 சதவீதம் மிச்சமாகிறது. சீக்கிரம் கட்டினால் அந்த மிச்சம் நிறைய வருஷம் ஓடும். முதல் வருஷக் கடைசியில் ஒரு லட்சம் கட்டினால் பின்னாலிருந்து கிட்டத்தட்ட 14 தவணை அடிபட்டுப் போகும். பத்தாவது வருஷக் கடைசியில் அதே லட்சம் ஆறரைத் தவணையை அடிக்கும். குறைவுதான், ஆனால் தண்டம் கிடையாது. 12-வது வருஷத்தில் 8.5 சதவீதக் கடனை வைத்துக்கொண்டு 6.5 சதவீத எஃப்.டி.யில் பணம் போடுகிறவர்கள் இந்த "தண்டம்" கதையை நம்பித்தான் போடுகிறார்கள்.

#5 கோவை செல்வி

நீங்க எல்லாரும் வட்டி 20 வருஷமும் 8.5-லயே நிக்கும்னு வச்சு கணக்குப் போடுறீங்க. நிக்காது. எங்க கதையைச் சொல்றேன்.

2021 கடைசில, கொரோனா நேரம், 6.7 சதவீதத்துக்கு 40 லட்சம் வாங்கினோம். இ.எம்.ஐ. 30,296. என்னா குறைஞ்ச வட்டின்னு ஊரே பேசுச்சு. 2022 மே மாசம் ரிசர்வ் வங்கி ரெப்போவை (அது வங்கிகளுக்குக் கடன் தர்ற வட்டி) 4 சதவீதத்துல இருந்து ஏத்த ஆரம்பிச்சுது. 2023 பிப்ரவரில 6.5. எங்க வட்டி 9.2 ஆயிடுச்சு. ஆனா மாசாமாசம் அதே 30,296தான் அக்கவுண்டுல இருந்து போச்சு. ஒண்ணும் மாறலையேன்னு வீட்டுக்காரர் நிம்மதியா இருந்தார்.

மாறினது வேற இடத்துல. பாக்கி 39 லட்சம்னு வச்சுக்கோங்க, 9.2 சதவீதத்துக்கு ஒரு மாச வட்டி மட்டும் 29,900. கட்டுறது 30,296. அசலுக்குப் போறது 396 ரூபா! இதே ரேட்டுல இதே இ.எம்.ஐ. கட்டினா முடிய 47 வருஷம் ஆகும். எங்க வீட்டுக்காரருக்கு அப்போ 41 வயசு.

ஒருநாள் கிளையில இருந்து கூப்பிட்டு, ரிட்டையர்மென்ட்டைத் தாண்டிப் போகுது, இ.எம்.ஐ.யை ஏத்தணும்னாங்க. மிச்சம் இருந்த பதினெட்டரை வருஷத்துல முடிக்கணும்னா 36,600 கட்டணும். ஒரே தடவையில ஆறாயிரத்துக்கு மேல. அந்த வருஷம் பையனுக்கு ஸ்கூல் மாத்தினோம், கூடவே இதுவும்.

புதுவாசல் தம்பி, உங்க 83 லட்சம்ங்கிறது ஒரு ஊகம்தான். ரேட் ஏறினா அது எங்க போய் நிக்கும்னு யாருக்கும் தெரியாது.

#6 ஓய்வுபெற்ற கிளை மேலாளர்

செல்வி அம்மா சொன்னதுதான் இந்த இழையிலேயே முக்கியமான விஷயம். நான் கடன் பிரிவில் இருந்தவன் என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

வட்டி ஏறும்போது இ.எம்.ஐ.யைத் தொடாமல் தவணைக் காலத்தை நீட்டுவது பல வருஷமாக நடந்த வழக்கம். வாடிக்கையாளர் சண்டைக்கு வரமாட்டார், கிளைக்கும் தலைவலி இல்லை. இதற்காகத்தான் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட் 18 அன்று ஒரு சுற்றறிக்கை போட்டது. வட்டி மாறும்போது இ.எம்.ஐ.யை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டிலும் கொஞ்சம் கொஞ்சமாகவா என்று கடன்தாரரைக் கேட்க வேண்டும். காலத்தை நீட்டினாலும் மாத வட்டியே இ.எம்.ஐ.யைத் தாண்டிவிடக் கூடாது. ஒவ்வொரு காலாண்டுக்கும் ஓர் அறிக்கை தர வேண்டும்: இதுவரை அசலில் எவ்வளவு, வட்டியில் எவ்வளவு, இ.எம்.ஐ. என்ன, இன்னும் எத்தனை தவணை பாக்கி, ஆண்டு வட்டி எவ்வளவு. வங்கிகளுக்கு மட்டும் இல்லை, வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கும் இது பொருந்தும்.

அந்த அறிக்கையில் "பாக்கித் தவணைகள்" என்ற ஒரே எண்ணைப் பாருங்கள் தம்பி. மூன்று மாதத்தில் அது மூன்று குறைந்திருக்க வேண்டும். குறையாவிட்டால் அன்றைக்கே மெயில் போடுங்கள்.

இன்னொன்று. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மிதக்கும் (மாறும்) வட்டி வீட்டுக் கடன் வெளி அளவுகோல் ஒன்றோடு இணைந்திருக்க வேண்டும். பெரும்பாலும் ரெப்போ. அதனால் 2025 பிப்ரவரியிலிருந்து ஜூனுக்குள் ரெப்போ 6.5-இலிருந்து 5.5 ஆனபோது அந்தக் கடன்களில் வட்டி தானாக இறங்கியது. வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. அவர்கள் தங்களுடைய சொந்த அடிப்படை வட்டி விகிதத்தை வைத்திருப்பார்கள், எப்போது இறக்குவது என்பது அவர்கள் முடிவு. நிதி நிறுவனம் என்றாலே கூடாது என்று நான் சொல்லமாட்டேன். ஆவணத்தில் சின்னச் சிக்கல் உள்ள வீட்டுக்கும், சம்பளச் சீட்டு இல்லாத வியாபாரிக்கும் அவர்கள்தான் கடன் தருகிறார்கள். உங்களுக்கு மாதச் சம்பளம், வீட்டுக்குப் பத்திரம் சுத்தம் என்றால் ஒரு வங்கியிலும் கேட்டுப் பார்ப்பதில் என்ன தயக்கம்?

#7 வட்டிக்கணக்கு

மேலாளர் சார் சொன்னதற்கு ஓர் எண்: 8.5-க்குப் பதில் 7.75 கிடைத்தால் இ.எம்.ஐ. 32,838. மாசம் 1,875 வித்தியாசம், 20 வருஷத்தில் நாலரை லட்சம்.

#8 வாடகையே சுகம்

யாராவது சொல்வார்கள் என்று பார்த்தேன், ஒருத்தரும் சொல்லவில்லை. வட்டியை மட்டும் பேசிக்கொண்டிருக்கிறீர்கள். 52 லட்சம் வீட்டுக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 4 லட்சத்து 68 ஆயிரம். இதற்கு வங்கி கடன் தராது, கையிலிருந்துதான் போக வேண்டும். பலர் இதற்குத் தனிநபர் கடன் வாங்குகிறார்கள், அது எத்தனை சதவீதம் என்று உங்களுக்கே தெரியும். அப்புறம் வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டாளர், பிராசஸிங் கட்டணம், எம்.ஓ.டி. (பத்திரத்தைக் கடனுக்கு அடமானம் வைத்ததற்கான ஆவணம்) பதிவு. குடி வந்த பிறகு மாதப் பராமரிப்பு, சொத்து வரி, லிஃப்ட் மாற்ற, மொட்டை மாடி ஒழுக்குக்கு என்று சங்கத்தில் கேட்கும் பணம்.

இதே ஃபிளாட் வாடகைக்கு என்ன போகிறது? புதுவாசல், நேர்மையாகச் சொல்லுங்கள்.

#9 புதுவாசல்

அதே பிளாக்கில் கீழ் வீடு 17,000-க்குப் போயிருக்கிறது.

#10 வாடகையே சுகம்

அப்படியானால் வருஷத்துக்கு 2 லட்சத்து 4 ஆயிரம். 52 லட்சத்துக்கு 4 சதவீதம்கூட இல்லை. நீங்கள் முதல் வருஷம் கட்டும் வட்டி மட்டும் 3 லட்சத்து 37 ஆயிரம். வாடகை கொடுப்பது வீண் என்கிறவர்கள் இந்த வட்டியை என்னவென்று சொல்வார்கள்?

#11 கோவை செல்வி

உங்க கணக்கு சரிதான் சார். ஆனா 11 மாச அக்ரிமென்ட் முடிஞ்சதும் ஓனர் பையனுக்குக் கல்யாணம்னு சொல்லி காலி பண்ணச் சொன்னா, மூணு மாசத்துக்குள்ள ஸ்கூல் பக்கத்துல வீடு தேடிப் பாருங்க. எங்களுக்கு ரெண்டு தடவை ஆச்சு. அதுக்கு எந்தக் கட்டத்துல என்ன தொகை போடுவீங்க?

#12 வட்டிக்கணக்கு

இரண்டு பேருக்கும் நடுவில் ஒரு விஷயம் விட்டுப்போகிறது. வாடகை ஏறும், இ.எம்.ஐ. (வட்டி மாறாதவரை) ஏறாது. விலைவாசி வருஷம் 5 சதவீதம் ஏறுகிறது என்று வைத்தால், 20 வருஷம் கழித்து நீங்கள் கட்டும் கடைசி 34,713 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு சுமார் 13,000. 240 தவணையையும் அப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து கூட்டினால் 52, 53 லட்சம் வரும். அதனால் 83 லட்சம் என்ற எண் பயமுறுத்தும் அளவுக்கு நிஜம் மோசமில்லை. இன்றைய ரூபாயில் பார்த்தால், 40 லட்சம் வாங்கி 52 லட்சம் சொச்சம் திருப்பித் தருகிறீர்கள்.

இது கடன் வாங்கியவருக்குச் சாதகமான பக்கம். சம்பளம் விலைவாசியோடு ஏறினால்தான் இந்தச் சாதகம் கைக்கு வரும். ஐ.டி.யில் 45 வயசுக்கு மேல் அது ஏறுமா என்பதை நான் எந்த எக்செலிலும் போட முடியாது.

#13 மேலமாசி வீதி

வரிச் சலுகையை எல்லாரும் மறந்துட்டீங்களே?

#14 ஓய்வுபெற்ற கிளை மேலாளர்

மறக்கவில்லை, அதன் மதிப்பு தேய்ந்துவிட்டது. பழைய வரி முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு வருஷம் 2 லட்சம் வரை வட்டி கழியும். 30 சதவீத அடுக்கில் இருப்பவருக்கு செஸ் சேர்த்து 62,400 ரூபாய் மிச்சம். அதற்காக அவர் கட்டிய வட்டி 3.37 லட்சம். புதிய வரி முறையில் சொந்தக் குடியிருப்புக்கு இந்தக் கழிவே கிடையாது. வரி மிச்சமாகும் என்பதற்காகக் கடனை அடைக்காமல் வைத்திருந்த பலரைப் பார்த்திருக்கிறேன். ஒரு ரூபாய் வட்டி கட்டி முப்பது பைசா திரும்ப வாங்குவதில் என்ன லாபமோ.

கடன் வாங்கும் நாளில் மேசையில் இன்னொரு தாள் வரும்: கடன் காப்பீடு. ஒற்றைப் பிரீமியம் 1 லட்சத்து 20 ஆயிரம் என்பார்கள், "கையிலிருந்து தர வேண்டாம், கடனிலேயே சேர்த்துவிடுகிறோம்" என்பார்கள். 8.5 சதவீதத்தில் 20 வருஷம் ஓடினால் அது மாதம் 1,041 ரூபாய், மொத்தம் இரண்டரை லட்சம். காப்பீடு அவசியம், நான் மறுக்கவில்லை. தனியாக ஒரு டெர்ம் பாலிசி எடுத்துக்கொண்டால் கடன் முடிந்தாலும், வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உங்களோடு இருக்கும். அங்கேயே வாங்கினால்தான் கடன் என்று யாராவது சொன்னால் எழுத்தில் கேளுங்கள். எழுதித் தரமாட்டார்கள்.

2024 அக்டோபர் முதல் கடன் ஒப்பந்தத்துக்கு முன்னால் முக்கிய விவரத் தாள் ஒன்று தர வேண்டும் என்பது விதி. அதில் ஏ.பி.ஆர். என்று ஒரு சதவீதம் இருக்கும். வட்டி, பிராசஸிங் கட்டணம், கடன் கொடுப்பவர் வழியாக வசூலிக்கும் காப்பீடு, சட்டக் கட்டணம் எல்லாம் சேர்த்த விகிதம். இரண்டு இடத்துக் கடனை ஒப்பிட விளம்பரப் பலகையில் உள்ள எண்ணைப் பார்க்காதீர்கள், இதைப் பாருங்கள்.

#15 உட்லண்ட்ஸ்காரன்

சிங்கப்பூரிலிருந்து. இங்கே எச்.டி.பி. (அரசு வீட்டுவசதி வாரியம்) கடன் 2.6 சதவீதம், பல வருஷமாக மாறவே இல்லை. ஊரில் கேட்டால் பொறாமைப்படுவார்கள். ஆனால் சி.பி.எஃப். (நம் ஊர் பி.எஃப். மாதிரி) சேமிப்பிலிருந்து வீட்டுக்கு எடுத்த பணத்துக்கு, அது சேமிப்பிலேயே இருந்திருந்தால் என்ன வட்டி கிடைத்திருக்குமோ (2.5 சதவீதம்) அதையும் சேர்த்து, வீட்டை விற்கும்போது நம் கணக்கிலேயே திருப்பிப் போட வேண்டும். விற்ற பிறகு கையில் ரொக்கம் இவ்வளவுதானா என்று முழிப்பவர்கள் இங்கே நிறைய.

#16 மேலமாசி வீதி

2.6-ஆ! போதும் சார், வயித்தெரிச்சலைக் கிளப்பாதீங்க.

#17 புதுவாசல்

எல்லோருக்கும் நன்றி. மேலாளர் சார் சொன்னபடி எங்கள் சம்பளக் கணக்கு இருக்கும் வங்கியில் கேட்டேன். ரெப்போ இணைப்பு, 7.75 தருகிறார்கள், ஆனால் பத்திர நகல்கள், தாய்ப் பத்திரம், 30 வருஷ வில்லங்கம் என்று கேட்டுக் கேட்டு நேரம் எடுக்கிறது. விற்பவர் அவசரப்படுகிறார். நிதி நிறுவனத்தில் வாங்கிவிட்டு அப்புறம் மாற்றிக்கொள்ளலாமா?

அப்படியே இன்னொரு கேள்வி: கூடுதலாகக் கட்டுவது என்றால் எப்படிக் கட்டுவது நல்லது? என்னால் வருஷத்துக்கு ஒரு தவணை அதிகம் கட்ட முடியும்.

#18 வட்டிக்கணக்கு

உங்கள் பழைய 8.5 கணக்கிலேயே சொல்கிறேன். வருஷக் கடைசியில் ஒரே ஒரு கூடுதல் தவணை: 20 வருஷக் கடன் 16 வருஷம் 9 மாசத்தில் முடியும். மிச்சம் 8 லட்சத்துக்கு மேல்.

இன்னொரு வழி, சம்பளம் ஏறும்போது இ.எம்.ஐ.யையும் வருஷத்துக்கு 5 சதவீதம் ஏற்றுவது. இரண்டாம் வருஷம் 1,735 ரூபாய்தான் கூடும். கடன் சுமார் 12 வருஷம் 3 மாசத்தில் முடிந்துவிடும், வட்டி 43 லட்சத்திலிருந்து 28 லட்சத்துக்குள் வந்துவிடும். எனக்கு இதுதான் பிடித்த வழி. போனஸ் வந்தால் கட்டுகிறேன் என்று நினைப்பவர்களுக்கு போனஸ் வரும் மாசம்தான் டூவீலர் ரிப்பேர் ஆகும்.

மாறும் வட்டிக் கடனைத் தனிநபர் முன்கூட்டி அடைத்தால் அபராதம் கிடையாது, யார் கேட்டாலும் கொடுக்காதீர்கள். ஒரு நிபந்தனை மட்டும்: கூடுதல் பணம் கட்டும்போது "இ.எம்.ஐ.யைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள். வட்டி இறங்கும்போதும் அதேதான், இ.எம்.ஐ.யைக் குறைக்கச் சொல்லாதீர்கள். அவசரத்துக்கு ஆறு மாசச் செலவு கையில் இருந்தால்தான் இதெல்லாம். வேலை போனால், கட்டிவிட்ட பணத்தை வங்கி திருப்பித் தராது. அந்தப் பயம் இருந்தால் ஓவர்டிராஃப்ட் வகை வீட்டுக் கடன் கேட்டுப் பாருங்கள். வட்டி கொஞ்சம் கூட இருக்கும், ஆனால் போட்டு வைத்த பணத்தை எடுக்கலாம், போட்டிருக்கும் நாள்வரை வட்டி குறையும்.

#19 ஓய்வுபெற்ற கிளை மேலாளர்

மாற்றுவதைப் பற்றி: முடியும், ஆனால் பிராசஸிங் கட்டணம், வக்கீல், எம்.ஓ.டி. எல்லாம் இரண்டாம் முறை. பழைய நிறுவனத்திடம் எம்.ஓ.டி. ரத்து ரசீதும் வாங்கிப் பதிய வேண்டும். விற்பவரிடம் மூன்று வாரம் அவகாசம் கேளுங்கள், வேண்டுமானால் அட்வான்ஸைக் கொஞ்சம் கூட்டிக் கொடுத்து ஒப்பந்தத்தைப் பதிந்துகொள்ளுங்கள். வங்கி 30 வருஷ வில்லங்கம் கேட்பது உங்களுக்கும் நல்லதுதானே.

#20 கோவை செல்வி

சார், கடன் முடிஞ்சதும் பத்திரம் வாங்கறதுக்கு ஏதாவது பண்ணணுமா? எங்க அண்ணன் கடைசி தவணை கட்டி ரெண்டு மாசம் ஆச்சு, இன்னும் பத்திரம் வேற ஊர்ல இருக்கு, வரும்கிறாங்க.

#21 ஓய்வுபெற்ற கிளை மேலாளர்

2023 டிசம்பர் 1-லிருந்து விதி இருக்கிறது அம்மா. கடன் முழுதும் அடைந்த 30 நாளுக்குள் மூல ஆவணங்களைத் தந்து, பதிந்த அடமானப் பொறுப்பையும் நீக்க வேண்டும். அவர்கள் தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. உங்கள் அண்ணனை அந்த விதியைச் சொல்லி, கடன் முடிந்த தேதியையும் போட்டு மெயில் அனுப்பச் சொல்லுங்கள். 30 நாளில் பதில் வராவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பு இணையதளத்தில் புகார் போடலாம்.

பத்திரம் கைக்கு வந்ததோடு விட்டுவிடக் கூடாது. சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்.ஓ.டி. ரத்து ரசீது பதிவாக வேண்டும். பதிந்த பிறகு புதிதாக ஒரு வில்லங்கச் சான்று போட்டு, அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள். இல்லையென்றால் பத்து வருஷம் கழித்து வீட்டை விற்கும்போது, அடைந்துபோன கடன் வில்லங்கத்தில் உயிரோடு நிற்கும்.